ஒன்பது பேர் பாட்டு

"மூணு சரணம் போதும் ஹனோரா. ரெண்டரை நிமிஷம். அதுக்குள்ள கித்தார் மெதுவா உள்ள வந்துரும்," என்றான் கியான். அவளுடைய வாழ்க்கையைப் படமெடுக்கிறேன் என்று டப்ளினிலிருந்து வந்திருந்த டைரக்டர். ஞாயிறு பூசை முடிந்து, பார்ட்லியின் மதுக்கடையில் ஊரே கூடியிருந்தது.

ஹனோராவுக்கு ஐம்பத்தைந்து வயது. பள்ளி பஸ் ஓட்டிக் காய்த்துப்போன கைகளை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். காலையிலிருந்து எல்லாவற்றுக்கும் தலையாட்டியாகிவிட்டது. கடற்கரையில் நட என்றார்கள், மழையில் நடந்தாள். மதிலில் சாய்ந்து தொலைவைப் பார் என்றார்கள், பார்த்தாள்; அங்கே ஒரு மாடு நின்று அவளைப் பார்த்தது. பாஸ்டனில் பாடியது, பிரான்சின் பிரிட்டனியில் பாடியது, வாங்கிய மூன்று பதக்கம், எல்லாம் சொல்லித் தீர்த்தாள். இந்தப் பாட்டு ஒன்றுதான் மிச்சம். அவளுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்ததும் இதுதான், சொந்த ஊரில் தலைகுனிய வைத்ததும் இதுதான்.

பாட்டில் ஒன்பது பேர். தாத்தா காலத்தில், தீவுகளுக்கு அடுப்பெரிக்கச் சதுப்பில் வெட்டிக் காயவைத்த கரிமண் கொண்டுபோன படகு திரும்பி வரும்போது கவிழ்ந்து செத்த ஒன்பது ஆண்கள். ஆளுக்கொரு சரணம். யாருடைய மகன், எந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தான், உடம்பு கிடைத்ததா இல்லையா, அத்தனையும் அதில் உண்டு. ஒவ்வொரு சரணமும் ஒரு வீட்டின் சொத்து. அந்த வீட்டில் சாவு விழுந்தால், அந்தச் சரணத்தைப் பாடிய பிறகுதான் பெட்டியைத் தூக்குவார்கள். இருபத்துமூன்று வயதில் இசைத்தட்டு போட அவளைக் கூப்பிட்டபோது, நீளம் அதிகம் என்று நான்கு சரணங்களை வெட்டினார்கள். அவள் வாயிருந்தும் ஊமையாக நின்றாள். தட்டு விற்றுத் தள்ளியது. வெட்டுப்பட்ட நான்கு வீடுகளில் இரண்டு அமெரிக்காவுக்குப் போயின, ஒன்று மொத்தமாகக் கல்லறைக்குப் போனது. மிஞ்சியது ஃபெஸ்டியின் வீடு. அது எங்கே இருந்து தொலைத்தது என்றால், அவள் வீட்டு மதிலுக்கு அந்தப் பக்கம்.

ஃபெஸ்டியின் தாய் அப்போதே வாசலில் வந்து நின்று கேட்டுவிட்டாள்: "எங்க மாமனாரைக் கடல் ஒருதரம் முழுங்குச்சு. நீ ரெண்டாந்தரம் முக்கிட்டியேடி."

அந்தம்மா செத்தபோது ஹனோராவை அங்கே பாட விடவில்லை. ஃபெஸ்டி முப்பத்திரண்டு வருஷமாக அவளிடம் பேசவில்லை. சண்டையும் போடவில்லை, அதுதான் கொடுமை. போன குளிர்காலத்தில் அவள் பஸ் பள்ளத்தில் இறங்கியபோது டிராக்டரைக் கொண்டுவந்து இழுத்துவிட்டு, சங்கிலியைச் சுருட்டிக்கொண்டு, மூச்சுக் காட்டாமல் போய்விட்டான். அவள் சொன்ன நன்றி டிராக்டருக்குத்தான் கேட்டிருக்கும். அந்தத் தட்டுக்குப் பிறகு அவளும் அந்தப் பாட்டை எங்கும் பாடவில்லை. கேட்டவர்களிடமெல்லாம் தொண்டை சரியில்லை என்றாள்.

இன்றைக்குத் தொண்டை சரியாகத்தான் இருந்தது. ஃபெஸ்டியும் வழக்கம்போல வந்து, கடைசி ஸ்டூலில் கறுப்பு பீரோடு உட்கார்ந்திருந்தான்.

"ஒன்பது," என்றாள் ஹனோரா.

"என்னது?"

"ஒன்பது சரணம். இல்லேன்னா ஒண்ணுமில்ல."

கியானுக்கு முகம் சுண்டிவிட்டது. "எட்டு நிமிஷம் ஆகுமே! யாரு உக்காந்து பாப்பாங்க?"

"பாக்க வேண்டாம். கண்ணை மூடிக்கிட்டுக் கேக்கட்டும். நானே கண்ணை மூடிக்கிட்டுத்தான் பாடுறேன்." கித்தார்க்காரர் பக்கம் திரும்பினாள். "ராசா, நீங்க அதைப் பெட்டியில வெச்சுப் பூட்டிட்டு ஒரு பீர் குடிங்க. செத்தவங்களுக்குத் தாளம் வேண்டியதில்ல."

கியான் கடைக்காரரைப் பார்த்தான், நியாயம் கேட்கிறவன் போல. பார்ட்லி டம்ளரைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "மகனே, இவளைத் தடுக்கணும்னா போய் அவ பஸ்ஸுக்கு முன்னாடி படுத்துக்கோ. அது சுலபம்."

சிரிப்பு அடங்குவதற்குள் ஹனோரா தொடங்கிவிட்டாள். மூன்று சரணம் முடிந்தது. கியான் கையைத் தூக்கியிருப்பான், அவள் பார்க்கவில்லை. நான்காவதில் அவள் முகத்தில் அடித்துக்கொண்டிருந்த விளக்குச் சூடு சட்டென்று விலகியது. அணைத்துவிட்டார்கள். அணைத்தால் அணைக்கட்டும், உன் விளக்கை நம்பியா இந்தப் பாட்டு பிறந்தது? ஐந்தாவதை வேண்டுமென்றே இன்னும் நிதானமாக, ஒவ்வொரு சொல்லையும் இழுத்து வளைத்துப் பாடினாள். யாரும் இருமவில்லை.

ஆறாவது. அவள் வெட்டக் கொடுத்த சரணம்.

*மார்ட்டின், மலையடி வீட்டுப் பிள்ளை, தண்ணிக்குப் பயந்தவன்…*

அதற்குமேல் வரவில்லை. ஒரு வாரமாக அடுக்களையில் தண்ணீர்பட்ட பாடாகப் பாடிப் பார்த்த வரி. இங்கே, அவனுடைய பேரன் ஃபெஸ்டி காது கேட்க, துடைத்துவிட்டாற்போலப் போய்விட்டது. இந்த ஒரு சரணத்துக்காகத்தானே இத்தனை வீம்பும். தாண்டி ஏழாவதுக்குப் போய்விடலாம், கேமராக்காரர்களுக்கு ஒரு மண்ணும் தெரியாது. போனால் இரண்டாம் முறையாக வெட்டியவள் ஆவாள். போகமாட்டேன் என்று அதே வரியில் நின்றாள். அசிங்கமாக, வாயைத் திறந்தபடி, ஊர் முழுக்கப் பார்க்க, நின்றுகொண்டே இருந்தாள். கடைக்குள் அடுப்பில் கரிமண் சரிகிற சத்தம் கேட்டது.

"தம்பிக்குக் காய்ச்சல்னு அவன் இடத்துல ஏறினவன்."

கடைசி ஸ்டூலிலிருந்து வந்தது குரல். ராகம் கிடையாது, மாட்டுக்கு விலை சொல்கிறாற்போல வறட்டுக் குரல். ஹனோரா கண்ணைத் திறந்தாள்.

ஃபெஸ்டி அவளை நேராகப் பார்த்துக்கொண்டிருந்தான். கழுத்து வரை சிவந்திருந்தது.

"ஏன் நிக்கிற?" என்றான். "பாடு."

பாடினாள். மார்ட்டின் தம்பியின் இடத்தில் ஏறினான், தம்பியின் துடுப்பைப் பிடித்தான், ஒன்பதாம் நாள் பாசியோடு கரை சேர்ந்தான். குரல் இரண்டு இடத்தில் உடைந்தது. உடைந்தபடியே விட்டாள். சரணம் முடிந்ததும் மூச்சை உள்ளே இழுத்தாள். இன்னும் மூன்று பேர் தண்ணீரில் இருந்தார்கள்.