அடுப்பு முன்னால் அரை மணி

ரொட்டி அடுப்பின் முன் ஆளுக்கு அரை மணி நேரம் என்பது அவனும் மச்சானும் பேசி வைத்த முறை. கோடை உச்சத்துக்குப் போன இந்த மூன்று நாளாக அவனுடைய அரை மணி மட்டும் முடிவதே இல்லை.

"வெயில் உன் மூளையை உருக்கிடுச்சு மாப்ளே, கடிகாரத்தைப் பாரு!" என்று மின்விசிறிக்கடியிலிருந்து மச்சான் சிரித்தான். அவனும் நம்பினான். நேற்று மனைவியிடம், "எனக்குப் பைத்தியம் பிடிக்குதுடி" என்று அழுதே விட்டான்.

இன்று தட்டுகளை எண்ணினான். ஒரு தட்டு ரொட்டி வேக இருபது நிமிடம். ஒன்றன்பின் ஒன்றாக மூன்று தட்டு வெந்தாயிற்று. அவன் முதுகுக்குப் பின்னால், மச்சான் பக்கத்துச் சுவரில் மாட்டியிருந்த கடிகாரத்தில் இருபத்தைந்து நிமிடம்தான் ஓடியிருந்தது.

"முள்ளைத் திருப்பி வெச்சது நீயா மச்சான்?"

மச்சான் விசிறியை விட்டு நகரவில்லை. "நீ அழுதேன்னு தங்கச்சி சொன்னா. அப்பவே நிறுத்தியிருக்கணும். இந்தச் சூட்டுல மனசு வரல மாப்ளே."