அம்சத்தின் தண்ணீர் முறை

"மருந்து கட்டியக் கொல்லாதுன்னா, அப்புறம் எதுக்கு தாத்தாவுக்கு ஊசி?" என்று வீரையனின் பேத்தி எழில்மொழி ஒருநாள் டாக்டரிடமே கேட்டுவிட்டாள்.

தஞ்சாவூர் டாக்டரம்மா சிரித்தார். "நோயை அடிக்கிற சக்தி தாத்தா உடம்புலயே இருக்கு. புத்துநோய் அது பாயுற மடையை அடைச்சு வச்சிருக்கு. ஊசி அடைப்பை எடுத்துவிடும். எல்லாருக்கும் கேக்காது. பாப்போம்."

நுரையீரலில் நோயோடு இருந்த வீரையன், ஊசி கேட்க வேண்டும் என்று சாமியை வேண்டிக்கொண்டார்.

மருந்து ஏற்றப் போன நாளில் வாய்க்காலில் அவருடைய தண்ணீர் முறை தவறிப்போனது. பயிர் போயிற்று என்றே நினைத்து ஊர் திரும்பினார். வயலில் தண்ணீர் நின்றது. பக்கத்து வயல்தான் வெடித்துக் கிடந்தது. அதன் சொந்தக்காரி அம்சம் தன் முறைத் தண்ணீரை இவர் வயலுக்குத் திருப்பியிருந்தாள்.

"ஏம்மா இப்படிப் பண்ணே?"

"நானா? தண்ணிக்கே உங்க மேல பாவமா இருந்திருக்கும். போய்ப் படுங்கண்ணே."

மூன்றாம் மாதம் ஸ்கேனில் கட்டி சுருங்கியிருந்தது. அந்த வாரம் மகளின் பிரசவத்துக்குக் கீழ்வேளூர் போன அம்சம் தன் முறையைத் தவறவிட்டாள்.

மறுநாள் விடியலில் வீரையனின் முறை. வாய்க்கால் கரையில் யாருமில்லை. அவர் தம் மடையை அடைத்து, அவள் மடையை வெட்டிவிட்டார். அவள் வயல் நனையும்வரை நின்றுவிட்டு, மண்வெட்டியைக் கழுவிக்கொண்டு வீட்டுக்கு நடந்தார்.