மச்சம் எந்தப் பக்கம்

1
இந்தக் கதை ஒரு சமோசாவில் தொடங்கியது. ராயபுரத்தில் யாரோ பழைய பிலிம் காட்டுகிறார்கள், தின்னவும் தருகிறார்கள் என்று கேள்விப்பட்டுப் போனேன். சமோசா தீர்ந்திருந்தது. சுவரிலிருந்து ஒரு மீனவர் என்னையே முறைத்துக்கொண்டிருந்தார்.

2
எண்ணூர்க் கடல் அன்று சோகமாக…

(அடித்துவிட்டேன். கடலுக்கு வேறு வேலை இருக்கிறது.)

மறுபடி. காட்டியவன் ஜெரின். துறைமுகத்தைப் படமெடுத்த பழைய பிலிம் சுருள்களைக் காயலான் கடையில் பொறுக்கி, கணினியில் ஏற்றுவான். வேலைக்கு நடுவே யாராவது கேமராவைத் திரும்பிப் பார்த்துவிட்டால், அந்தத் துண்டை அந்தக் காலத்தில் வெட்டி எறிவார்கள். ஜெரின் சேர்ப்பது அந்தத் துண்டுகளை மட்டும்தான். வீட்டார் அண்ணாநகருக்குக் குடிபோய்விட்டார்கள். அப்பாவின் பெயிண்டுக் கடை மாடியில் இவன் மட்டும். தினமும் அவனைப் பார்க்கிற ஒரே முகம், அப்படி ஒரு துண்டில் திரும்பிப் பார்த்த அந்த மீனவர். சாப்பிடும்போதுகூட ஓடவிட்டிருப்பான்.

(ஒரு காதலியைச் சேர்த்துப் பார்த்தேன். அவளும் அண்ணாநகருக்குப் போய்விட்டாள்.)

3
அன்று எனக்கு முன்னால் நின்றவர் கன்னியம்மா. காசிமேட்டில் மீன் விற்பவர். சமோசாவுக்கு வந்தவர் இல்லை. கணவர் எத்திராஜ் எப்போதோ கடலுக்குப் போனவர், திரும்பவில்லை. இருந்த ஒரு போட்டோவையும் சுனாமி கொண்டுபோயிற்று. ‘உன் வூட்டுக்காரர் மாதிரியே ஒருத்தர் சுவத்துல கீறாரு’ என்று யாரோ சொல்லி வந்திருக்கிறார்.

“அதே முழி. ஆனா மச்சம் பீச்சாங்கை பக்கம் கீதே நைனா. அவுருக்குச் சோத்தாங்கை பக்கம். இது வேற ஆளு.”

“நல்லா பாருங்கக்கா” என்றான் ஜெரின்.

“கட்டிக்கினவ நானா, நீயா?” சிரித்தார். படியிறங்கும்போது, “அந்த மச்சம் ஒண்ணுதான் நெனப்புல கீது. மீதி மூஞ்சி பூட்ச்சு” என்றார்.

4
மறுநாள் ஜெரின் முதல்முறையாக மீனவரின் கண்ணை விட்டுவிட்டு, பின்னால் நின்ற படகைப் பார்த்தான். படகின் பெயர் கண்ணாடியில் தெரிவதுபோல் இடவலம் மாறியிருந்தது. பிலிமை எந்தப் பக்கம் வைத்தாலும் படம் விழும். அவன் புறம் மாற்றி வைத்து ஏற்றியிருக்கிறான். ஒரு பொத்தானை அழுத்தினான். மச்சம் சோத்தாங்கைப் பக்கம் வந்தது.

உடனே பழையபடி மாற்றிவிட்டான்.

(கோபப்படாதீர்கள், நானும் திட்டினேன். ஒரு நகல் கொடுத்துவிட்டுப் போகட்டுமே என்பீர்கள். கொடுக்கலாம். ஆனால் இன்னொருத்தி வீட்டுக்காரர் என்று தெரிந்தபிறகு, சோறு தின்னும்போது அவரை எதிரில் உட்காரவைக்க முடியுமா?)

5
முடிவு ஒன்று: ஜெரின் போய்ச் சொல்கிறான், கன்னியம்மா அழுகிறார்… (எனக்கு அழவைக்கத் தெரியாது.)

முடிவு இரண்டு: போகவில்லை. கன்னியம்மாவுக்கு மச்சமும் மறக்கிறது. (எழுதிவிட்டு எனக்கே சோறு இறங்கவில்லை.)

என்னால் ஆனது இவ்வளவுதான். அவனைக் காசிமேடு வரை தள்ளிக்கொண்டுவந்து கதவைத் தட்டவைத்துவிட்டேன்.

“யாருபா அது?” உள்ளேயிருந்து கன்னியம்மா.

ஜெரின் கையில் போன். போனில் அந்த முகம், இன்னும் தப்பான பக்கமாக. திருப்ப ஒரு விரல் போதும்.

உங்கள் விரல் சும்மாதானே இருக்கிறது?