அக்காவின் ஜப்பான் உருண்டை

“பெருஞ்சீரகம் போட்டது யாருல?”

வினோஜின் கை இறைச்சியிலேயே நின்றது. குரல் முன்னறைக் கட்டிலிலிருந்து வந்தது. தேய்ந்துபோன குரல்; அதிகாரம் மட்டும் தேயவில்லை.

அவன் மனைவி கிரேசி நாக்கைக் கடித்துக்கொண்டாள். “ஒரு நுள்ளுதான் மைனி! எறச்சின்னா கை தானா போயிருது.”

“தேங்கா?”

“வறுத்து வச்சிருக்கேன். போடல்ல.”

“போட்டியோ, எந்திச்சு வருவேன் பாத்துக்க.”

எழுந்து வரமாட்டாள். மூவருக்கும் தெரியும். இனிச் செய்ய ஒன்றுமில்லை என்று சொல்லித்தான் அக்கா ஆன்ஸ்லினை ஆஸ்பத்திரியிலிருந்து இரணியல் வீட்டுக்கு அனுப்பியிருந்தார்கள். தண்ணீரைக்கூடப் பஞ்சில் நனைத்து உதட்டில் வைக்க வேண்டியிருந்தது. அவள்தான் விடிந்ததும் தம்பியைக் கூப்பிட்டுக் கேட்டாள், “ஜப்பான் உருண்டை செய்யுவியா மக்கா?”

கோழி இறைச்சியைக் கொத்தி வாங்க அவன் ஓடிய ஓட்டம்! ஒரே ஓர் உருண்டை. அது அவள் தொண்டையில் இறங்கிவிட்டால் போதும். டாக்டர் சொன்னது பொய்யாகிவிடும்.

ஜப்பானில் ஒரு முதியோர் இல்லத்தில் அவளுக்கு வேலை. சோற்றைத் துப்பும் கிழவர்களை இந்த உருண்டையைக் கொண்டுதான் வழிக்குக் கொண்டுவந்தாளாம். லீவில் வந்தபோது இங்கேயும் செய்தாள். அங்கே ஊற்றும் இனிப்பு மது இங்கே கிடைக்காது. அவள் அசரவில்லை. கருப்பட்டியைக் காய்ச்சினாள். அந்த ஊர் மாவுக்குப் பதில் மரச்சீனிக் கிழங்கு மாவு. பாகு கண்ணாடிபோல மின்னியது. “இது என்னட்டி, எறச்சியில பாயசமா?” என்று சிரித்த சொந்தக்காரர்கள் கடைசியில் சட்டியை விரலால் வழித்தார்கள்.

“உருண்டை செவந்தாச்சு அக்கா.”

“எடுத்து வையி. எண்ணெய வடி. அதே சட்டியில சோயா சாஸும் கருப்பட்டியும் ஊத்து. மாவப் பச்சத்தண்ணியில கரைச்சிட்டு ஊத்தணும், அப்படியே கொட்டிராத.” மூச்சு வாங்கியது. “நான் கூப்பிட்டாலும் வராத. கிண்டிட்டே இரி. கருகினா கசக்கும்.”

பாகு இறுகியது. உருண்டைகள் புரண்டு பளபளத்தன. ஒன்றை மசித்துக்கொண்டு முன்னறைக்குப் பாய்ந்தான்.

விரல் நுனியால் அவள் நாக்கில் தடவினான். அது இறங்கவில்லை. கடைவாய் வழியே பழுப்பாக வழிந்தது. கிரேசி துடைத்தாள்.

“பாகம் சரியா இருக்கு,” என்றாள் ஆன்ஸ்லின். “பிள்ளையளக் கூப்பிடு. எல்லாரும் இரிங்க.”

“நீ திங்கத்தானே செஞ்சேன்!”

“நான் திங்கவா கேட்டேன், மண்டா?” கண் திறந்தது. “அப்பா செத்தப்ப அடக்கம் முடியுற வரைக்கும் அடுப்பு பத்த வைக்கல்ல. ஊரு கொண்டுவந்த கஞ்சிய நீ தொடல்ல. கல்லறைத் தோட்டத்துல மயங்கி விழுந்த. உன் பிள்ளையளும் உன்னப் போலத்தான். வயிறு நெறையத் தின்னுங்க. பொறவு வாரது வரட்டு.”

வினோஜ் அவளையே பார்த்தான். தட்டுகளை எடுத்துவந்து கட்டிலருகே தரையில் வரிசையாக வைத்தான்.

பிள்ளைகள் பாகைச் சோற்றில் பிசைந்து அள்ளினார்கள். மிஞ்சிய ஒன்றுக்குப் பிடிவலி.

“சண்ட போடாதீங்கல. சட்டியில இன்னும் இருக்கும்,” என்றாள் அத்தை.

இருந்தது. கிரேசி எடுத்து வந்தாள். வந்தவள் வாசற்படியில் நின்றுவிட்டாள். அவள் பார்வை கட்டிலில் இருந்தது.

வினோஜ் திரும்பினான். போர்வை ஏறி இறங்கவில்லை.

அவன் வாயில் ஓர் உருண்டை. துப்பவில்லை. மெதுவாக மென்றான். விழுங்கினான். பிறகுதான் எழுந்து அக்காவின் கையைப் பிடித்தான்.

மாலையில் வேதக்கோவிலின் துக்கமணி அடித்து ஓய்ந்திருந்தது. பக்கத்து வீட்டு ரத்தினம் மாமி பெரிய பானையில் கஞ்சியும் பயறும் சுமந்து வந்தாள்.

“வெறும் வயித்தோட இருக்காத மக்கா. ஒரு வாய் குடி.”

“நாங்க சாப்பிட்டாச்சு மாமி.”

மாமி அவன் முகத்தைப் பார்த்தாள். வினோஜ் பானையை வாங்கிக்கொண்டு முற்றத்தில் இறங்கினான். பந்தலுக்குக் கம்பு நட்டுக்கொண்டிருந்தவர்கள் கை கழுவி வந்தார்கள். அவன் குனிந்து முதல் கிண்ணத்தை நிரப்பி நீட்டினான்.