மரக்காலைத் தட்டினால் நெல் எங்கே போகும்?

"டீச்சர், மரக்காலத் தட்டுனா உள்ள இருக்கற நெல்லு எங்க போவுது?"

அக்னஸ் கேட்டதும் மெஹராஜ் பேகம் சாக்பீஸைக் கீழே வைத்தாள். பாடம் முடிந்ததும் பிள்ளைகள் எதையும் கேட்கலாம் என்பது அவள் வகுப்பின் வழக்கம். வானவில், மின்மினி, கொட்டாவி எல்லாம் வந்து போயிருந்தன. இது களத்திலிருந்து வந்த கேள்வி.

"எங்க பாத்தே?"

"களத்துலதான். பண்ணைக்கு அளக்கறப்ப தட்டித் தட்டி ரொப்புறாங்க. அம்மாவுக்குக் கூலி அளக்கறப்ப தட்டவே மாட்டேங்கறாங்க."

குடவாசல் பக்கமெல்லாம் அறுப்பும் கூலித் தகராறும் சேர்ந்தே நடந்த தை மாதம் அது; ஆட்சி மாறி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. நாளைக்குச் சொல்கிறேன் என்று தள்ளியிருக்கலாம். அவள் தள்ளவில்லை. கணக்குப் பாடத்துக்கு வைத்திருந்த நெல்லைக் கண்ணாடி டம்ளரில் நிரப்பி, விளிம்போடு வழித்து, விரலால் தட்டினாள். நெல் இறங்கியது.

"எங்கயும் போவல. நெல்லுக்கு நெல்லு நடுவுல காத்து இருக்கு. தட்டுனா நெல்லு நெருங்கி உக்காந்துக்குது. காத்து வெளிய போயிடுது."

"அப்ப எங்கம்மாவுக்குக் காத்தையும் சேத்து அளந்து குடுக்கறாங்களா?"

வகுப்பே சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.

"ஆமா."

மறுநாள் பண்ணையின் கணக்கு வழக்கைப் பார்க்கும் காரியக்காரர் நல்லக்கண்ணு வகுப்புக்குள்ளேயே வந்துவிட்டார்.

"தட்டி அளந்தாத்தான் கூலி வாங்குவேன்னு இருதயம்மா களத்துல உக்காந்துட்டா. அவ மவளுக்கு நீங்க சொல்லிக் குடுத்ததாம். ஆட்சி மாறுனா அளவும் மாறிடுமா டீச்சரம்மா? சொன்னது தப்புன்னு பிள்ளைங்ககிட்ட சொல்லிடுங்க. இல்லாட்டி கோடியக்கரைக்கு மாத்திப்புடுவாங்க."

பக்கத்துத் தெரு வீட்டில் படுக்கையில் கிடக்கும் தகப்பனார், அவள் அத்தாவின் முகம் அவளுக்குள் வந்து போனது. அவரை யார் புரட்டிப் படுக்கவைப்பார்கள்?

"கோடியக்கரையில மட்டும் பிள்ளைங்க இல்லியா? கடத்தண்ணி ஏன் கரிக்குதுன்னு கேப்பாங்க, சொல்லணும். நான் சொன்னது தப்புன்னா நீங்களே சொல்லிக் குடுங்க காரியக்காரரே. இந்தாங்க டம்ளர்."

அத்தனை கண்களுக்கு முன்னால் அவரால் பின்வாங்க முடியவில்லை. நெல்லை நிரப்பினார். உள்ளங்கையால் வழித்தார்.

"பாருங்கடா. நெறஞ்சிருக்குல்ல? எங்கடா இருக்கு காத்து?"

கேட்ட வேகத்தில் டம்ளரை மேசைமேல் ஓங்கி வைத்தார்.

டொக்.

"எறங்கிடுச்சு! எறங்கிடுச்சு!"

நல்லக்கண்ணு துண்டை உதறித் தோளில் போட்டார்.

"ஆர்டர் வரும்."

"வரட்டும்."

அவர் வாசலைத் தாண்டும் முன்பே அக்னஸ் எழுந்து வந்தாள். டம்ளரில் விழுந்திருந்த பள்ளத்தில் ஒரு பிடி நெல்லைப் போட்டுத் தட்டினாள்.

இன்னும் இடம் இருந்தது.