முட்டாத குவளை

ஹங்கேரியில் முப்பத்தோரு வருஷம் ஒரே மேடையில் நடித்தும், வாட்னாய் எலெமேரின் பெயர் ஊரில் பாதிப் பேருக்குத் தெரியாது. முகம் தெரியும். ரொட்டிக் கடை வரிசையில் நின்றால் யாராவது உற்றுப் பார்த்து, "நீங்க கரண்ட் மீட்டர் பாக்க வர்றவருதானே?" என்பார்கள். தபால்காரர், போலீஸ்காரர், பாதிரியார், குடிகாரன் என்று இருநூறு வேஷத்துக்கு மேல் கட்டியாயிற்று. எந்த நாடகத்திலும் இரண்டாம் அங்கம் வரை அவரை உயிரோடு விட்டதில்லை. விட்டால் பேச விட்டதில்லை. அதற்காக அவர் ஏனோதானோவென்று நடித்தவரும் இல்லை. ஸ்டேஷன் மாஸ்டராக இரண்டு வரி பேச இரண்டு வாரம் பிளாட்பாரத்தில் நின்று, ரயில் போன பிறகு கொடியை எப்படிச் சுருட்டுகிறார்கள் என்று பார்த்து வந்த மனிதர்.

அந்த மார்ச்சில் அவருக்கு அறுபது நிறைந்தது. மேனேஜர் கூப்பிட்டுச் சொல்லிவிட்டார்: ஜெர்மனியில் லைப்ஸிக்கிலிருந்து ரைன்ஹோல்ட் என்று ஒரு டைரக்டர் வருகிறார், அடுத்த வருஷம் கம்பெனியில் யார் யார் இருக்கலாம் என்று அவர்தான் பட்டியல் தருவார், பட்டியலில் இல்லாதவர்களுக்கு ஜூனில் பென்ஷன். மேடை இல்லாவிட்டால் சாயங்காலம் ஏழு மணிக்கு ஒரு மனிதன் என்ன செய்வான்? மனைவி போய்ச் சேர்ந்த வாரத்தில்கூட எலெமேர் ஏழு மணிக்கு அரிதாரம் பூசியவர்.

ரைன்ஹோல்ட் கொடுத்த வேஷத்துக்குப் பெயரே இல்லை. மதுக்கடையில் நாலாவது ஆள், அவ்வளவுதான். ஒரு வரி வசனம் இருந்தது. இரண்டாம் நாளே அதையும் வெட்டிவிட்டார். மிச்சம் ஒரே ஒரு வேலை. 1850-இல், பின்னாளில் புடாபெஸ்டோடு சேர்ந்துவிட்ட பெஸ்ட் நகரத்து மதுக்கடையில் நாலு பேர் பீர்க் குவளைகளை ஒன்றோடொன்று முட்டிச் சிரிக்க வேண்டும்.

மூன்று பேர் முட்டினார்கள். எலெமேர் முட்டவில்லை.

"நாலாவது ஆளு, தூக்கமா?" என்று கத்தினார் ரைன்ஹோல்ட்.

"இல்ல சார். ஹங்கேரிக்காரன் பீரை முட்ட மாட்டான். நாப்பத்தொம்பதுல ஆஸ்திரியாக்காரங்ககிட்ட நாங்க தோத்தப்போ எங்க தளபதிங்க பதிமூணு பேரைக் கொன்னுட்டு, ஜெயிச்சவங்க பீரை முட்டிக் கொண்டாடினாங்கன்னு சொல்லுவாங்க. அன்னையிலேர்ந்து வைனை முட்டுவோம், பீரை முட்ட மாட்டோம். இந்தக் கதை நடக்கறது அதுக்கு அடுத்த வருஷம். காயமே ஆறியிருக்காது."

மற்ற மூவருக்கும் இது தெரியும். தெரியாத ஹங்கேரிக்காரன் உண்டா? ஆனால் பட்டியல் ரைன்ஹோல்டின் சட்டைப்பையில் அல்லவா இருந்தது! மூவரும் வாயில் கொழுக்கட்டையோடு நின்றார்கள். கடைசியில் முதலாவது ஆளாக நடித்த ஃபாபியான்தான் மெல்ல இழுத்தான்.

"அண்ணே, அதுல ஊத்தப்போறது டீத்தண்ணி. மேல முட்டை நுரை. டீயை முட்டினா எந்தத் தளபதி கோவிச்சுக்கப் போறாரு?"

"ஜனங்க முன்னால அது பீருடா. அது டீன்னா, நான் வெறும் எலெமேர், நீ பொண்டாட்டிக்குப் பயந்த ஃபாபியான். அதைப் பாக்க எவன் டிக்கெட் வாங்குவான்?"

ரைன்ஹோல்ட் கையை உயர்த்தினார். "எனக்கு அந்தச் சத்தம் வேணும். முட்டலைன்னா நாலாவது ஆளே வேணாம். மூணு பேரு போதும்."

அன்று கேன்டீனில் ஸெல்மா வந்து எதிரே உட்கார்ந்தாள். மேடைக்குக் கீழே குழியில் இருந்து, வசனம் மறந்தவர்களுக்கு எடுத்துக் கொடுப்பது அவள் வேலை. அவருடைய இருநூறு வேஷங்களையும் காலடியிலிருந்து பார்த்தவள்.

"யோவ், ஒரு தடவை முட்டித் தொலையேன். வீட்ல உக்காந்து எந்த மீட்டரைப் பாக்கப் போற?"

"முட்டறேன்," என்றார் எலெமேர். "ஒத்திகையில குவளை காலி. ஜனமும் இல்ல. காலிக் குவளை எத்தனை வேணா முட்டலாம்."

"அரங்கேற்றத்தன்னிக்கு?"

அவர் ரொட்டியில் பன்றிக்கொழுப்பைத் தடவி, வெங்காயத்தை வைத்துக் கடித்தார். ஸெல்மா தலையில் அடித்துக்கொண்டாள்.

மூன்று வாரம் டங்கு டங்கென்று முட்டினார். ரைன்ஹோல்டுக்குப் பரம திருப்தி.

ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை அரங்கேற்றம். அரங்கம் நிரம்பி வழிந்தது. நாலு பேரும் குவளையைத் தூக்கினார்கள். மூன்று முட்டின. நாலாவது குவளை பாதி வழி போய் நின்றது. எலெமேர் அதை மெல்ல நெஞ்சுக்கு இழுத்துக்கொண்டார். மற்ற மூவரையும் ஒவ்வொருவராகப் பார்த்தார். கோபமாக இல்லை, தின்னக்கூடாததைத் தின்னும் பிள்ளையைப் பார்ப்பதுபோல். ஒரு வாய் குடித்துவிட்டு, சத்தமே வராமல் குவளையை மேசையில் வைத்தார்.

அரங்கில் மூச்சுச் சத்தம்கூட இல்லை. தொலைந்தோம் என்று நினைத்தார் எலெமேர். அப்போது மாடியில் ஒருவர் கைதட்டினார். பிறகு பத்துப் பேர். பிறகு கீழ்த்தளம் முழுக்க, எல்லாக் கைகளும் ஒரே தாளத்தில் தட்டத் தொடங்கின. காட்சியின் நடுவில், அவருக்காக, முப்பத்தோரு வருஷத்தில் முதல்முறையாக.

அடுத்த வசனம் ஃபாபியானுடையது. அவன் பதறிப்போய் வாயெடுத்தான். குழியிலிருந்து ஸெல்மாவின் குரல் சீறியது. "வாயைத் தொறந்தே, கொன்னுடுவேன்!"

எலெமேருக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. ஆனால் நாலாவது ஆள் அழுகிறவன் இல்லை. அதனால் அவரும் அழவில்லை. மீசையிலிருந்த நுரையை மட்டும் துடைத்துக்கொண்டார்.

திரை விழுந்ததும் ரைன்ஹோல்ட் முகம் சிவக்க ஓடி வந்தார். ஆனாலும் அவர் நாடகக்காரர். கைதட்டலுக்கு எதிராக வழக்காட முடியாது. மூச்சு வாங்க நின்றுவிட்டுச் சொன்னார்:

"சரி. நாளையிலேர்ந்து யாரும் முட்ட வேணாம். நாலு பேருமே."

"அது நடக்காது சார்," என்றார் எலெமேர். "அவங்க மூணு பேரும் முட்டியே ஆகணும். இல்லைன்னா எனக்கு அங்க என்ன வேலை?"

ரைன்ஹோல்ட் அவரை முதல்முறையாக முழுசாகப் பார்த்தார். கை சட்டைப்பைக்குப் போயிற்று.

"உங்க பேரு என்ன?"

"வாட்னாய் எலெமேர். பேனா இருக்கா, நான் தரட்டுமா?"