ஓய்வுபெற அனுமதிக்கப்படாதவர்

1

இந்தக் கதை எனக்கு முனிரத்தினத்தின் மெஸ்ஸில் கிடைத்தது. வீட்டில் அடுப்பு பற்றவைப்பதை நிறுத்திய பிறகு அங்கேதான் சாப்பிடுகிறேன். எதிர் நாற்காலியில் தினமும் ஒரு பெரியவர். கதைக்காக அவருக்குப் பூதலிங்கம் என்று பெயர் வைத்திருக்கிறேன். தோட்டக்கலை அலுவலர். அறுபது முடிந்துவிட்டது. ஓய்வுதான் கிடைக்கவில்லை.

2

முதல் தொடக்கம்: மாலையும் கழுத்துமாக நின்ற பூதலிங்கத்தின் கண்களில்

(வேண்டாம். அவர் தட்டைப் பார்த்தே பேசுகிறார். கண்கள் எனக்குத் தெரியாது.)

இரண்டாவது: பிரிவுபசார விழா முடிந்து, அவரை வீட்டில் கொண்டுபோய் விட ஜீப் நின்றது. கண்காணிப்பாளர் ஓர் உறையை நீட்டினார். பணியிடை நீக்கம், விசாரணை முடியும்வரை ஓய்வுபெற அனுமதி இல்லை. கையெழுத்திடக் குனிந்தபோது மாலை தாளை மறைத்தது. கண்காணிப்பாளரே அதை ஒதுக்கிப் பிடித்துக்கொண்டார்.

இது இருக்கட்டும்.

[குற்றம்: எப்போதோ ஒரு விவசாயிக்கு மானியத்தில் கொடுத்த மாங்கன்றுகள், தணிக்கைக்காரர்கள் போனபோது தோட்டத்தில் இல்லை. வெள்ளாடு தின்றிருந்தது.

"அந்த ஆட்ட சாட்சிக்குக் கூப்புடு சார்," என்றார் முனிரத்தினம்.

"அத அப்பவே பிரியாணி போட்டுட்டானுவ," என்றார் பூதலிங்கம்.]

3

இந்த மாதிரி உறை பணியின் கடைசி நாள் சாயங்காலம்தான் வரும். அதனால் விவரம் தெரிந்தவர்கள் அந்தச் சாயங்காலம் கழியும்வரை வீட்டுச் சாமானைக் கட்டுவதில்லை. பூதலிங்கம் கட்டினார். அன்று காலையே லாரி சொந்த ஊரான, நாகர்கோயில் பக்கத்துப் பூதப்பாண்டிக்குப் புறப்பட்டது. முன்சீட்டில் மனைவி சொர்ணம்.

உத்தரவின் கடைசி வரி, அனுமதியில்லாமல் இந்த ஊரை விட்டுப் போகக் கூடாது என்றது. ஜீப் அவரைக் காலி வீட்டு வாசலில் இறக்கிவிட்டது. மாலையை மாட்ட ஆணிகூட இல்லை. சொர்ணம் ஆணிகளையும் பிடுங்கிக்கொண்டு போயிருந்தாள்.

4

இந்தப் பகுதியைப் பல முறை அடித்துவிட்டேன். ஒரு மனைவி தொலைபேசியில் பேசுவதை எழுதும்போது கை நின்றுவிடுகிறது. பூதலிங்கம் மெஸ்ஸில் ஸ்பீக்கரில் போட்டிருந்தார். காதில் விழுந்ததை அப்படியே தருகிறேன்.

"என்ன சாப்ட்டிய?"

"சாம்பார்தான்."

"அந்தூரு சாம்பாரா? வெல்லத்த அள்ளிப் போட்டிருப்பானே."

"யம்மா, நான் கேட்டுக்கினுதான் இருக்கேன்," என்றார் முனிரத்தினம்.

"கேளுங்கோ. நாளைக்காவது கொறச்சுப் போடுங்கோ." பிறகு குரல் தணிந்தது. "எப்பம் வாறிய? கட்டில் இன்னும் பூட்டல. காலு நாலும் சொவத்துல சாஞ்சு கெடக்கு."

"ஆளக் கூப்ட்டுப் பூட்டேன்."

"நீங்க வந்து பூட்டுங்கோ. அதுவர தரையில படுத்துக்கிடுதேன்."

முழங்கால் வலிக்காரி. அவர் அனுமதி கேட்டு எழுதிக்கொண்டே இருக்கிறார். பதில் இல்லை. விசாரணை அதிகாரியும் மாற்றலாகிப் போய்விட்டார். புதியவர் முதலிலிருந்து தொடங்குகிறார்.

5

முடிவு ஒன்று: அனுமதி வருகிறது. (எழுதிப் பார்த்தேன். எனக்கே நம்பிக்கை வரவில்லை.)

முடிவு இரண்டு: சொர்ணம் கட்டிலோடு திரும்பி வருகிறாள். (அந்த முழங்காலை வைத்துக்கொண்டா?)

முடிவு மூன்று: ஊரிலிருந்து வேறு யாரோ கூப்பிடுகிறார்கள். அனுமதி உடனே கிடைத்துவிடுகிறது. அவர் போய்ச் சேரும்போது வாசல் நிறையச் செருப்புகள்

(நிறுத்திக்கொள்கிறேன். இது என்னுடையது. அவருக்கு வேண்டாம்.)

6

ஆகவே அவரைப் பேருந்து நிலையம்வரை கொண்டுவந்திருக்கிறேன். கையில் ஒரு மஞ்சள் பை. அதில் புது ஸ்பேனர், கட்டில் காலுக்கு. ஏறினால் இன்னொரு குற்றச்சாட்டு; ஓய்வூதியமே போகலாம். ஏறாவிட்டால் சொர்ணத்துக்குத் தரைதான்.

"பெருசு, ஏறுறியா, வேடிக்க பாக்குறியா? நாகர்கோயில், நாகர்கோயில்," என்றார் நடத்துநர்.

பூதலிங்கம் கம்பியைப் பிடித்தார். ஒரு கால் படியில். வண்டி நகர்கிறது.

நான் ஏற்றிவிட்டால், விடியும்போது அந்தக் கதவைத் திறப்பவளையும் நானே எழுத வேண்டும். எனக்கு வராது. உங்கள் வீட்டில் கதவைத் திறக்க ஆள் இருந்தால், நீங்கள் எழுதுங்கள்.